நான் எண்ணாமல் விட்ட ஷிப்ட்

அந்தோணியின் குழியருகே பங்குச் சாமியார் இருந்தார். மனைவி ஸ்டெல்லாம்மா இருந்தார். பெட்டியைத் தூக்கி வந்த ஆறு பேர், மண் தள்ளக் காத்திருந்த இரண்டு பேர், ஜெபமாலை சொன்ன பெண்கள், குளிருக்குத் தலையில் மப்ளர் கட்டிய சில பெரியவர்கள். எண்ணிப் பார்த்தேன், இருபத்து மூன்று. இருபத்து நான்காவது ஆள் நான், கையில் நோட்டுடன். ஒரே மகன் ஜோசப் இல்லை. கத்தாரில் அவருக்கு லீவு கிடைக்கவில்லை. யாரோ உயர்த்திப் பிடித்த செல்போனில் பார்த்துக்கொண்டிருந்தார். அந்தோணியோடு ஒரே தொழிற்சாலையில் வேலை பார்த்து, இன்றும் ஒரே குவார்ட்டர்ஸில் சுவருக்குச் சுவர் குடியிருப்பவர்களில் பாதிப் பேர் இல்லை.

இப்படித்தான் எழுதினேன். நான் சமூகவியல் ஆய்வு மாணவன். குன்னூரை ஒட்டி, கட்டபெட்டு போகும் பாதையில் மூடிக்கிடக்கும் ஒரு தொழிற்சாலையும் அதன் குடியிருப்பும்தான் என் ஆய்வு. தேயிலையை மரப்பெட்டியில் அடைத்துக் கப்பலேற்றிய காலத்தில் அந்தப் பெட்டிக்கான ஒட்டுப்பலகையை அங்கே செய்தார்கள். பிறகு தேயிலை காகிதச் சாக்குக்கு மாறியது, தொழிற்சாலை மூடியது. இருபது வருஷத்துக்கு மேலாகிறது. ஊரில் அதற்கு இன்னும் 'பொட்டி பாக்டரி' என்றுதான் பெயர். பஸ் நிறுத்தத்துக்கும் அதே பெயர்.

வெளிநாட்டு நகரங்களில் ஆலைகள் மூடியதும் தெருக்களின் ஒட்டுறவு எப்படிக் கரைந்தது என்று நிறையப் படித்துவிட்டுத்தான் போயிருந்தேன். தேடிப் போனவனுக்குத் தேடியது கிடைத்தது. 'ஒரு குடியிருப்பு தன் மனிதரைப் புதைக்கக்கூட வராதபோது' என்று ஒரு வாக்கியம் எழுதினேன். எழுதி முடித்ததும் எனக்கே பிடித்துப்போன வாக்கியம். அந்தப் பகுதியை ஒரு சிற்றிதழ் வெளியிட்டது. என் அப்பாவுக்கு எழுத்து தெரியாது. அவர் அந்த இதழைத் தான் வேலை பார்க்கும் உப்பளத்துக்கு எடுத்துப்போய், படிக்கத் தெரிந்த ஒவ்வொருவரிடமும் கொடுத்து என் பெயர் எங்கே இருக்கிறது என்று காட்டச் சொன்னார்.

எட்டு மாதம் கழித்து, ஆய்வேட்டைக் கொடுக்கும் முன், "பேட்டி கொடுத்தவங்ககிட்ட எழுதினதைப் படிச்சுக் காட்டி ஒரு கையெழுத்து வாங்கிட்டு வந்துடுப்பா" என்றார் என் பேராசிரியர். நான்கு நாள் வேலை. அவ்வளவுதான் என்று நினைத்து மலையேறினேன். (இங்கே வரும் பெயர்கள் எல்லாம் நான் வைத்தவை. ஏன் என்பது பின்னால் தெரியும்.)

*

வெள்ளிக்கிழமை. மலைப் பஸ் எனக்கு ஒத்துக்கொள்வதே இல்லை. நான் தூத்துக்குடிப் பக்கத்து உப்பளத்துக்காரன். எங்கள் ஊரில் தரை தட்டையாகக் கிடக்கும். சாலை எங்கே போய் முடிகிறது என்பது கிளம்பும்போதே கண்ணுக்குத் தெரியும். இங்கே ஒவ்வொரு வளைவிலும் பஸ் மனதை மாற்றிக்கொள்கிறது. பர்லியார் வருவதற்குள் இரண்டு எலுமிச்சம்பழத்தை முகர்ந்தே தீர்த்துவிட்டேன்.

பின் இருக்கையில் வெள்ளை முண்டு போர்த்திய இரண்டு படகப் பெண்கள் தங்கள் மொழியில் ஏதோ சொல்லிச் சிரித்தார்கள். கண்டக்டர் எனக்காக மொழிபெயர்த்தார். "தம்பி, வாந்தி எடுக்கறதா இருந்தா சன்னல் பக்கம் திரும்பி எடுக்கச் சொல்றாங்க. அவங்க துணி வெள்ளையாம்." எப்படியோ மானத்தைக் காப்பாற்றிக்கொண்டேன். குன்னூரில் இறங்கும்போது அவர்களில் ஒருவர் என் கையில் ஒரு பேரிக்காயைத் திணித்துவிட்டுப் போனார். பரிசா, மருந்தா தெரியவில்லை. கடித்தேன். வயிறு அடங்கியது.

பொட்டி பாக்டரிக்குப் போகும் மினி பஸ் அன்று ஓடவில்லை. டிரைவர் வீட்டில் காதுகுத்து என்றார் டீக்கடைக்காரர். எங்கள் ஊரில் இப்படி நடந்தால் நான்கு பேர் கூடித் திட்டுவார்கள். இங்கே காத்திருந்தவர்கள் "குழந்தைக்கு எத்தனை வயசாச்சு?" என்று விசாரித்துவிட்டு நடக்கத் தொடங்கினார்கள். எனக்கு ஒரு கொழுந்து லாரி இடம் கொடுத்தது. அன்று காலை பறித்த தேயிலைக் கொழுந்து மூட்டைகள் மேல் உட்கார்ந்துகொண்டேன். மூட்டைகளுக்குள்ளிருந்து வெதுவெதுப்பு வந்தது. குளிரில் அது ஒரு சுகம்.

"பொட்டி பாக்டரிக்கா? அங்க என்னங்க இருக்குது பாக்கறதுக்கு?" என்றார் லாரி ஓட்டியவர், இறங்கும்போது.

"ஆளுங்க."

"ஆளுங்க குன்னூர்லயே இருக்காங்களே."

ஸ்டெல்லாம்மாவின் வீட்டு வராந்தாவில் அட்டைப் பெட்டிகள் அடுக்கியிருந்தன. ஒன்றின் மேல் 'சமையல்' என்றும் இன்னொன்றின் மேல் 'அவரு' என்றும் கரியால் எழுதியிருந்தது. அவர் தொழிற்சாலையின் குழந்தைகள் காப்பகத்தில் வேலை பார்த்தவர். ஐம்பத்தெட்டு வயது. எதையும் சிரித்துக்கொண்டே சொல்வார், திட்டுவதாக இருந்தாலும்.

"வாங்க, வாங்க. எழுதுற தம்பி வந்துட்டீங்களா. பெட்டி மேல உக்காந்துறாதீங்க, கீழ கண்ணாடி கிளாஸ் இருக்குது."

பால் ஊற்றாத டீயும் வர்க்கியும் வந்தன. ஊட்டி வர்க்கியை டீயில் முக்கினால் ஒரு நொடியில் எடுத்துவிட வேண்டும். தாமதித்தால் கிளாஸின் அடியில் போய்விடும். நான் ஒவ்வொரு முறையும் தாமதிப்பேன்.

"எங்கம்மா போறீங்க?"

"திருப்பூருக்குங்க. மருமக ஊட்டுக்குப் பக்கத்துல ஜோசப்பு எனக்கு ஒரு ஊடு பேசி வச்சிருக்கான். மாசக் கடைசிக்குள்ள இந்த சாவியக் குடுத்துரணும்."

"உங்களுக்குப் போகணும்னு இருக்கா?"

"முப்பத்தஞ்சு வருசமா இந்தக் குளுருல இருந்தவளுக்கு அந்த வெயிலு வேண்டிக் கிடக்குதா?" என்றவர், செல்போனை எடுத்து ஒரு குரல் செய்தியைத் தட்டினார். கத்தாரிலிருந்து மகன் அனுப்பியது.

"அம்மா, நான் சும்மா சொல்லலம்மா. படிச்சவரு நேர்ல நின்னு எண்ணி எழுதியிருக்காரு, புக்குலயே வந்திருச்சு. அப்பாவுக்கே இருபத்தி மூணு பேரு. நாளைக்கு உனக்கு ஒண்ணுன்னா? பெட்டியத் தூக்கவே ஆறு பேரு வேணுமேம்மா. அந்த ஊருல உன்னத் தனியா விட்டுட்டு எனக்கு இங்க சோறு எறங்கல."

அந்தக் குரலில் கோபம் இருந்திருந்தால் தாங்கியிருப்பேன். இல்லை. டீ கிளாஸைக் கீழே வைத்தேன். என் வாக்கியம் ஒரு பெண்ணின் வீட்டைப் பெட்டியில் கட்டிக்கொண்டிருந்தது.

"ஒரு சந்தேகம் தம்பி, கேட்டா தப்பா நினைக்காதீங்க," என்றார் ஸ்டெல்லாம்மா. "பி ஷிப்டை ஏன் விட்டுட்டீங்க?"

"பி ஷிப்டா?"

"அவரு ஏ ஷிப்ட். கல்லறைக்கு ஏ ஷிப்ட்காரங்க வந்தாங்க. பி ஷிப்ட்காரங்க ஊட்டுல இருந்தாங்க. அவங்களப் பத்தி நீங்க ஒரு வரி எழுதலையே. அந்த ஷிப்ட் மைக்கேலுக்குத்தான் மனசு என்னமோ போல ஆயிருச்சு."

விழித்தேன். அவர் என்னைப் பார்த்து வாயில் கை வைத்துக்கொண்டார். "ஏனுங்க தம்பி, உங்களுக்கு இது தெரியாதா?"

தெரியாது. இரண்டு வருஷம் அந்தக் குடியிருப்புக்குப் போய் வந்தும் தெரியாது. அவர் சொல்லித்தான் தெரிந்தது. பலகை ஒட்டும் பிரஸ்ஸுக்கு பாய்லரிலிருந்து நீராவி வர வேண்டும். பாய்லர் அணைந்தால் மறுபடி சூடேற ஒரு முழு நாள் ஆகும். பிரஸ்ஸில் இருக்கும் பலகையும் பாழ். அதனால் ஒரு தொழிலாளி செத்தால் அவருடைய ஷிப்ட்காரர்களை மட்டும் அடக்கத்துக்கு அனுப்புவார்கள். மற்ற ஷிப்ட் அவர்களுடைய வேலையையும் சேர்த்துப் பார்த்து பாய்லரைக் காக்கும். தொழிற்சாலை மூடியது. காப்பதற்கு பாய்லர் இல்லை. அந்த மற்ற ஷிப்ட் செத்தவர் வீட்டைக் காக்கத் தொடங்கியது. உடலைக் குளிப்பாட்டி உடுத்துவது, தண்ணீர் பிடிப்பது, வருகிறவர்களுக்குக் கஞ்சி காய்ச்சுவது, அடக்கம் முடிந்து வருவதற்குள் வீட்டைக் கழுவுவது, எட்டு நாள் அந்த வீட்டு அடுப்பை எரிய விடுவது. கல்லறை வாசலைக்கூட அவர்கள் மிதிப்பதில்லை. அப்பா எந்த ஷிப்டோ பிள்ளைகளும் அந்த ஷிப்ட்.

அடக்கத்தன்று நான் பஸ்ஸை விட்டு இறங்கி நேராகக் கோயிலுக்குப் போனேன். கோயிலிலிருந்து கல்லறை. அங்கிருந்து கடைசி பஸ்.

"யாருமே இதைச் சொல்லலையேம்மா."

"நீங்க கேக்கலையே. சம்பளம் கேட்டீங்க, கடன் கேட்டீங்க, என்ன சாதின்னுகூட கேட்டீங்க. சாவுக்கு யாரு என்ன பண்ணுவாங்கன்னு கேட்டீங்களா?"

எங்கள் உப்பளத்தில் ஒரு சாவு விழுந்தால் வேலை மொத்தமாக நின்றுவிடும். பாத்தியில் உப்பு அப்படியே கிடக்கும், வாருகோல் சாய்ந்து கிடக்கும், எல்லோரும் மயானத்தில் இருப்பார்கள். வராதவனை ஊர் மறக்காது. அந்தக் கணக்கை மனதில் வைத்துக்கொண்டு, இங்கே குழியருகே நின்று தலைகளை எண்ணியிருக்கிறேன். உப்பு ஒரு நாள் காத்திருக்கும், பாய்லர் காத்திருக்காது என்பது எனக்குத் தோன்றவே இல்லை.

"ஜோசப் அண்ணன்கிட்ட இதைச் சொன்னீங்களா?"

"சொல்லாம இருப்பனா? 'அதெல்லாம் பாக்டரி ஓடுனப்பம்மா, இப்ப எந்த பாய்லர் எரியுது'ங்கிறான். பத்து வயசுல ஹாஸ்டலுக்குப் போனவன், அவனுக்கு என்ன தெரியும். போக மாட்டேன்னு அடம் புடிக்கிறதுக்கு நான் கதை கட்டுறேன்னு நினைக்கிறான். அச்சுல வந்ததுக்கு முன்னால அம்மா சொல்லு எடுபடுமா தம்பி?"

எடுபடாது. என் அப்பாவுக்கும் அச்சில் வந்தது எல்லாம் சத்தியம். "நானே அவருகிட்ட பேசுதேம்மா," என்றேன். என் ஊர்ப் பேச்சைக் கேட்டு அந்த நிலையிலும் அவர் சிரித்தார். "பேசுங்க, பேசுங்க. யாரு யாரு என்னென்ன செஞ்சாங்கன்னு எழுதி எடுத்துக்கிட்டுப் பேசுங்க. அவன் ஆதாரம் கேப்பான்."

*

சனிக்கிழமை. மைக்கேல் வீட்டு முன்னறையில்தான் தங்கினேன். மைக்கேல் பி ஷிப்டில் பிரஸ் ஓட்டியவர். இப்போது வெலிங்டன் ராணுவ முகாமில் தோட்ட வேலை. பல் துலக்கும் நேரத்திலேயே நோட்டைத் திறந்துகொண்டு நின்றேன்.

"அண்ணே, அந்தோணி அண்ணன் இறந்தன்னிக்கு நீங்க என்ன வேலை பார்த்தீங்க?"

அவர் நுரையோடு யோசித்துவிட்டுத் துப்பினார். "எழுதிக்குங்க. மைக்கேல் சும்மா இருந்தான்."

அடுத்த வீட்டில் ஒருவர் "மழை பேஞ்சுதுங்க அன்னிக்கு" என்றார். மழை பெய்யவில்லை, நான் இருந்தேன். இன்னொருவர் எனக்கு கேரட் கொடுத்தார். மூன்றாவது வீட்டில், அந்த நோட்டை மூடி வைத்தால் டீ தருவதாகச் சொன்னார்கள்.

ராமையா வீட்டில்தான் காரணம் தெரிந்தது. இலங்கையில் தேயிலைத் தோட்டத்தில் பிறந்து, சிறுவனாக இங்கே வந்தவர், அவரும் பி ஷிப்ட். குவார்ட்டர்ஸ் என்று சொல்ல மாட்டார், வரிசை வீடுகளை 'லயம்' என்பார். அவர் மனைவி பாக்கியம் தேங்காய் போட்ட ரொட்டியும் மிளகாய்ச் சம்பலும் வைத்தார். எங்கள் ஊர்க் காரம் எனக்குப் பழக்கம். ஆனாலும் அந்தச் சம்பலுக்குக் கண்ணில் தண்ணீர் வந்தது. மூன்று ரொட்டி தின்றேன். நான்காவதைக் கேட்காமலே வைத்தார்.

"என்னாங்க தம்பி, நோட்டத் தூக்கிக்கிட்டு லயம் லயமா திரியிறீங்களாம்," என்றார் ராமையா.

விஷயத்தைச் சொன்னேன். ஸ்டெல்லாம்மா போக வேண்டியிருப்பதையும், அதற்கு என் எழுத்து காரணம் என்பதையும், ஜோசப் ஆதாரம் கேட்பார் என்பதையும். அவர் ரொட்டியைப் பிய்த்தபடி கேட்டுக்கொண்டிருந்தார்.

"மத்த ஷிப்ட் செஞ்சத மத்த ஷிப்ட் வாயால சொல்றதில்லைங்க. அதுவும் செத்தவன் வீட்டு ஆளுகிட்ட சொல்லவே கூடாது. கூலி கேட்ட மாதிரி ஆயிரும் தானே?"

"சொல்லலைன்னா ஸ்டெல்லாம்மா போயிடுவாங்களே."

"அதுக்குத்தான் எங்களுக்கும் ரெண்டு நாளா சோறு எறங்கல," என்றார் பாக்கியம் உள்ளிருந்து.

சாயங்காலம் வரை நடந்தேன். தொழிற்சாலை வாசலில் இரும்புக் கதவு துருப்பிடித்துச் சாத்தியிருந்தது. அதன் கம்பிகளில் யாரோ போர்வைகளைக் காயப்போட்டிருந்தார்கள். என் நோட்டில் அன்று தேதி மட்டும் இருந்தது. ஜோசப்புக்குச் செய்தி அனுப்பினேன். டியூட்டி முடிந்து பதில் வந்தது: 'நாளை காலை பேசுங்கள். எங்களுக்கு ஞாயிறு வேலை நாள். ஆறேகாலுக்குக் கம்பெனி பஸ்.' அவருடைய ஆறு மணி நமக்கு எட்டரை.

*

ஞாயிற்றுக்கிழமை. முதல் பூசை முடிந்து வந்து ஸ்டெல்லாம்மாவின் முன்னறையில் உட்கார்ந்தோம். நான் யாரையும் கூப்பிடவில்லை. மைக்கேல் தானாக வந்தார். ராமையாவும் பாக்கியமும் வந்தார்கள். அப்புறம் பி ஷிப்ட் வீடுகளிலிருந்து ஒவ்வொருவராக வந்து, அறை போதாமல் வராந்தாவில் அட்டைப் பெட்டிகளுக்கு நடுவே நின்றார்கள். வருவார்கள், ஆனால் பேச மாட்டார்கள். அது எனக்குத் தெரியும்.

திரையில் ஜோசப் தெரிந்தார். இரண்டடுக்குக் கட்டிலின் கீழ்த்தட்டில், நீலச் சீருடையில், பூட்ஸ் மாட்டிக்கொண்டே.

"நீங்கதான் எழுதுனவரா?"

"ஆமாண்ணே. நான் தப்பா எண்ணிட்டேன். அதைச் சொல்லத்தான் கூப்பிட்டேன்."

"எழுதறதுக்கு முன்னாடி சரியா எண்ணியிருக்கலாமே."

"எண்ணியிருக்கணும்ணே. கல்லறையில மட்டும் எண்ணினேன். வீட்டுல பி ஷிப்ட் மொத்தமும் இருந்திருக்காங்க."

"எங்கம்மா அழுதாங்களா? அதான் மாத்திப் பேசறீங்களா?"

"இல்லண்ணே. சத்தியமா."

"அப்ப யாரு இருந்தாங்க, என்ன செஞ்சாங்க? அவங்களையே சொல்லச் சொல்லுங்க."

செல்போனை அறையின் பக்கம் திருப்பினேன். ஒருவரும் வாய் திறக்கவில்லை. ராமையா மட்டும் முன்னால் குனிந்து, "சாப்பிட்டியா ஜோசப்பு?" என்றார்.

"இன்னும் இல்ல மாமா."

அவ்வளவுதான். யாரோ இருமினார்கள். ஸ்டெல்லாம்மா புடவைத் தலைப்பைச் சுருட்டிக்கொண்டிருந்தார். போனில், ஜோசப்பின் அறைக்கு வெளியே ஒரு வண்டி வந்து நிற்கும் சத்தம் கேட்டது.

"பாத்தீங்களா?" என்றார் ஜோசப். "ஞாயித்துக்கிழமை சும்மா இருந்தவங்களக் கூட்டிட்டு வந்து உக்கார வச்சிருக்கீங்க. நான் வீடியோல பாத்தேங்க. எங்கப்பா கழுத்துல ஒரு கர்ச்சீப்பச் சுத்தி விட்டிருந்தாங்க. ஒரு நல்ல சட்டை போட்டு அனுப்ப அந்த ஊர்ல ஆள் இல்ல. அதுக்கு மேல எனக்கு யாரும் சொல்ல வேண்டாம். பஸ் வந்திருச்சு, வைக்கறேன்."

மைக்கேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டார். பாக்கியம் அவரைப் பார்த்தார். பிறகு அடக்க முடியாமல், "என்னா மைக்கேலு, இப்ப ஏன் தரையப் பாக்குறீங்க?" என்றார்.

ராமையா செல்போனை என் கையிலிருந்து வாங்கினார். "ஜோசப்பு, வைக்காத. அந்தக் கர்ச்சீப்பு இந்தா இருக்கானே, இவன் பாக்கெட்டுல இருந்தது. உங்கப்பன் கல்யாணச் சட்டைய வெள்ளன அஞ்சு மணிக்கு இஸ்திரி போடுறேன்னு எடுத்துட்டுப் போனான். காலர்ல இத்தாப்பெரிசு தீச்சுப்புட்டான். வேற சட்டை போடுவோம்டான்னா கேக்கல. அந்தோணிக்கு இதுதான் புடிக்கும்னு ஒரே அழுவாச்சி. கடைசியில கருகுனத மறைக்கக் கர்ச்சீப்பச் சுத்திவிட்டான்."

"கரண்டு போச்சுப்பா!" மைக்கேல் எழுந்துவிட்டார். "கரி இஸ்திரிப் பொட்டியக் கொண்டாந்து குடுத்தது யாரு? நீதான! நெருப்பு ஜாஸ்தியா இருக்குன்னு ஒரு வார்த்த சொன்னியா?"

"பிரஸ்ஸு ஓட்டுனவனுக்குச் சூடு தெரியாதா? பி ஷிப்ட் பேரையே கெடுத்தவன் நீ."

"பேரப் பத்தி நீ பேசாத. ஊட்டுக்கு வந்தவங்களுக்குக் காச்சுன கஞ்சிய அடிப்புடிக்க விட்டது யாரு? சாமியாரே ஒரு வாய் குடிச்சுட்டு முழிச்சாரு!"

"அந்த அண்டாவ மூணு நாளா தேச்சவ நானு," என்றார் பாக்கியம். "இன்னும் கருப்பு போகல. வேணும்னா கொண்டாந்து காட்டுறேன்."

வராந்தாவிலிருந்து ஒரு குரல்: "கட்டில வெளிய எடுக்கறேன்னு கதவ ஒடச்சீங்களே, அதையும் சொல்லுங்க!"

நல்லதைச் சொல்லத்தான் அவர்களுக்குத் தடை. அடுத்தவன் செய்த கூத்தைச் சொல்ல ஒரு தடையும் இல்லை. ஒருவர் மேல் ஒருவர் விழுந்து பேசினார்கள். ஸ்டெல்லாம்மாவுக்கு மறுநாள் யாரோ பிரஷர் மாத்திரையை இரண்டு தடவை கொடுத்துவிட்டு பயந்து, ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரி வரை போய்த் திரும்பியது. அந்தோணியின் செருப்பைக் குப்பை என்று நினைத்து ஒருவர் தூக்கிப் போட்டதும், மற்ற நான்கு பேர் ஓடைக்குள் இறங்கித் தேடி எடுத்து வந்ததும். ஐந்தாம் நாள் சாம்பாருக்கு இரண்டு பேர் தனித்தனியாக உப்புப் போட்டது. ஸ்டெல்லாம்மாவே பாதியைக் கேள்விப்படாதவர். வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார், கண்ணைத் துடைத்துக்கொண்டார், மறுபடி சிரித்தார்.

கத்தாரில் யாரோ "ஜோசப், வண்டி!" என்று கத்தினார்கள். ஹாரன் அடித்தது. ஜோசப் திரும்பிப் பார்த்து, "நீ போ" என்றார். ஒரு பூட்ஸ் மட்டும் மாட்டியிருந்தது.

"எந்தக் கதவு?" என்றார்.

ராமையா செல்போனை எடுத்துப்போய்ப் படுக்கையறைக் கதவைக் காட்டினார். கீல் பெயர்ந்து, மரச்சட்டத்தில் நீளமாக ஒரு வெடிப்பு. ஆணி அடித்துக் கம்பியால் கட்டியிருந்தது.

"இன்னும் பக்கத்துல காட்டுங்க மாமா."

காட்டினார். ஜோசப் சிரிக்கத் தொடங்கினார். அப்புறம் திரை இருண்டது. கையால் மூடியிருக்கிறார். மின்விசிறிச் சத்தம் மட்டும் வந்துகொண்டிருந்தது. மைக்கேல் வேறு எங்கேயோ பார்த்தார்.

திரை மறுபடி வெளிச்சமானது. "ஒவ்வொருத்தரா மூஞ்சியக் காட்டுங்க" என்றார் ஜோசப். ராமையா செல்போனை நகர்த்தி நகர்த்திக் காட்டினார், வராந்தா வரை போய். ஒவ்வொரு முகத்துக்கும் ஜோசப்பின் உதடு அசைந்தது. அவர் எண்ணினார். நான் எண்ணவில்லை.

"அம்மா."

"சொல்லுப்பா."

"பெட்டியெல்லாம் பிரிச்சிரு. கிறிஸ்மஸுக்கு எப்படியாவது வந்துர்றேன். அதுக்கப்புறமும் போக வேண்டாம்னு நீ சொன்னா வேண்டாம்."

"திருப்பூர் ஊட்டுக்காரருக்கு?"

"நான் சொல்லிக்கறேன்."

ஸ்டெல்லாம்மா தலையை மட்டும் ஆட்டினார், திரையில் தெரிகிறதா என்றுகூடப் பார்க்காமல்.

"அந்தத் தம்பி இருக்காரா?" என்று என்னைக் கேட்டார் ஜோசப். "இனிமே எழுதுனீங்கன்னா இவங்க எல்லாரு பேரையும் போடுங்க."

"பேரெல்லாம் வேணாம்," என்றார் ராமையா உடனே. "பி ஷிப்ட்டுன்னு மட்டும் போட்டுக்கட்டும்."

"கரிப் பொட்டி குடுத்தது யாருன்னு மட்டும் பேரோட போடுங்க," என்றார் மைக்கேல்.

*

திங்கட்கிழமை. ஸ்டெல்லாம்மாவிடம் என் அத்தியாயத்தை முழுவதும் படித்துக் காட்டினேன். எனக்குப் பிடித்த அந்த வாக்கியத்தையும் விடாமல் படித்தேன். அவர் கடைசி வரை கேட்டுவிட்டு, கையெழுத்துத் தாளை மடித்து என் பைக்குள்ளேயே வைத்தார்.

"திருத்தி எழுதிக்கிட்டு வாங்க. அப்பறம் போடறேன். வர்றதுக்கு ஒரு காரணம் இருக்கட்டும்."

'அவரு' என்று எழுதிய பெட்டியை மட்டும் அவர் இன்னும் பிரிக்கவில்லை. மற்றவற்றை மைக்கேலும் நானும் உள்ளே தூக்கி வைத்தோம். பாக்கியம் எனக்கு வழியில் தின்ன ரொட்டி கட்டிக் கொடுத்தார். பேராசிரியருக்குப் போன் செய்து, ஆய்வேட்டைக் கொடுக்க இன்னும் ஆறு மாதம் வேண்டும் என்றேன். ஏன் என்றார். அடக்கத்தன்று நான் தப்பான இடத்தில் நின்றுகொண்டிருந்தேன் என்றேன். "சரி, எழுது" என்றார்.

பஸ் வளைவுகளில் இறங்கிக்கொண்டிருந்தபோது ஜோசப்பிடமிருந்து செய்தி வந்தது. தச்சரிடம் பேசச் சொல்லி, கதவை அளவெடுத்துப் படம் அனுப்பும்படி மைக்கேலுக்குச் சொல்லியிருக்கிறாராம். அதற்குக் கீழே இன்னொரு வரி. நேற்று கம்பெனி பஸ்ஸை விட்டதால் ஆப்சென்ட் போட்டு, ஒரு நாள் சம்பளத்தைப் பிடித்துவிட்டார்கள்: அறுபத்தைந்து ரியால்.